திருச்சி பக்கம்



லிஃப்டில் யாராவது "சாருக்கு எந்த ஊர்?" என்று கேட்டால் பெரம்பலூர், அரியலூர்க்காரர்கள் சொல்லும் பதில் பெரும்பாலும் ஒன்றுதான்: "திருச்சி பக்கம்." நானும் பல வருஷமாக அப்படித்தான் சொல்லி வருகிறேன். மதுரைக்காரர் மதுரை என்கிறார். கும்பகோணத்துக்காரர் கேட்பதற்கு முன்னாலேயே சொல்லிவிடுவார். நாம்தான் பக்கத்து ஊரின் நிழலில் போய் நின்றுகொள்கிறோம்.

இதற்கு ஒரு நியாயமும் உண்டு. 1995 வரை இரண்டுமே திருச்சி மாவட்டம். அந்த வருஷம் பெரம்பலூர் தனி மாவட்டம் ஆயிற்று. 2001 ஜனவரியில் அதிலிருந்து அரியலூர் பிரிந்தது. அடுத்த வருஷமே மறுபடி பெரம்பலூரோடு சேர்த்தார்கள். 2007 நவம்பர் 23ஆம் தேதி திரும்பவும் பிரித்தார்கள். பன்னிரண்டு வருஷத்துக்குள் உடையார்பாளையத்தில் உட்கார்ந்த இடத்திலேயே இருந்தவருக்கு முகவரி நான்கு தடவை மாறியது. வங்கியில் கே.ஒய்.சி. படிவம் பார்த்தவனுக்குத்தான் அந்தக் கஷ்டம் தெரியும்.

ஆனால் உண்மைக் காரணம் மாவட்ட எல்லை அல்ல என்பது உங்களுக்கும் தெரியும். இந்தச் சென்னையில் வந்து நின்றதும் ஊர்ப் பெயர் சின்னதாகிவிடுகிறது, கூடவே ஆளும். நம் வளாகத்தில் பிள்ளைகளோடு வந்து தங்கியிருக்கும் பெரியவர்கள் சிலர் மாலை நடையின்போது சொல்லும் குறை இதுதான். ஊரில் கடைத்தெருவுக்குப் போனால் நாலு பேர் நிறுத்தி விசாரிப்பார்கள், இங்கே கேட்டில் இருப்பவர் "எந்த ஃபிளாட்?" என்று கேட்கிறார், எண்ணைச் சொன்னால்தான் ஆள் என்கிறார்கள். ஆசிரியராக இருந்தவர், மணியக்காரர் வீட்டுப் பிள்ளை, முப்பது ஏக்கர் பருத்தி வைத்திருந்தவர் எல்லோரும் இங்கே பி-304, சி-112.

இந்த விஷயம் புதிதா, பழையதா என்று யோசித்துக்கொண்டே சில புத்தகங்களைப் புரட்டினேன். பெரிய நகரமும் அதில் சின்னதாகிப் போன மனிதர்களும் நம் அரியலூர் மாவட்டத்துக்குள்ளேயே ஆயிரம் வருஷத்துக்கு முன் இருந்திருக்கிறார்கள். கங்கைகொண்ட சோழபுரத்தைத்தான் சொல்கிறேன்.

முதலாம் இராஜேந்திர சோழன் 1014 முதல் 1044 வரை ஆண்டவன். அவனுடைய படை கங்கை வரை போய் வந்தது. அந்த வெற்றியின் பெயரில், தஞ்சாவூரை விட்டுக் கொள்ளிடத்துக்கு வடக்கே வந்து புதிதாக ஒரு தலைநகரைக் கட்டினான். கூடவே ஒரு பெரிய ஏரியையும் வெட்டினான். சோழகங்கம் என்று பெயர். கங்கை நீரைக் கொண்டு அமைத்த வெற்றித்தூண் என்று திருவாலங்காட்டுச் செப்பேடு அதைச் சொல்கிறது. இப்போது அதைப் பொன்னேரி என்கிறார்கள். கோயிலின் விமானம் சுமார் 180 அடி. தஞ்சைப் பெரிய கோயிலைவிட உயரம் குறைவு. ஆனால் வளைந்து ஏறும் அந்த நளினம் தஞ்சையில் இல்லை என்பது என் கட்சி. அங்கிருந்து சுமார் இருநூற்றைம்பது வருஷம், பதின்மூன்றாம் நூற்றாண்டின் கடைசிப் பகுதி வரை, சோழர்கள் ஆண்டார்கள். கங்கையிலிருந்து கடல் கடந்த கடாரம் வரை சேதி வந்து போன ஊர் அது.

நகரம் எவ்வளவு பெரியது என்று இன்றைய ஊர்ப் பெயர்களை வைத்தே ஓரளவு கணக்குப் போடலாம். கோயிலிலிருந்து கொஞ்ச தூரத்தில் மாளிகைமேடு. அரண்மனை இருந்த மேடு அது. பக்கத்தில் உள்கோட்டை. மெய்க்காவல்புத்தூர், அரசனின் மெய்க்காவலர்கள் இருந்த இடம். ஆயுதக்களம். சுண்ணாம்புக்குழி. இன்று இவை தனித்தனிக் கிராமங்கள். இடையில் முந்திரியும் சோளமும் விளைகின்றன. டவுன் பஸ்ஸில் நடத்துநர் இந்தப் பெயர்களைச் சொல்லிக் கூப்பிடும்போது பழைய தலைநகரத்தின் பேட்டைகளைத்தான் கூப்பிடுகிறார்.

கல்வெட்டுகளில் இந்த நகரத்தின் பெயர்கள் நிறைய வருகின்றன. அரண்மனைக்குச் சோழகேரளன் திருமாளிகை, முடிகொண்ட சோழன் திருமாளிகை என்று பெயர்கள். அரசன் உட்காரும் ஆசனத்துக்குக்கூட மாவலி வாணராஜன் என்று ஒரு பெயர். மதிலுக்கு இராஜேந்திர சோழன் மதில், சாலைகளுக்கு இராஜராஜன் பெருவழி, இராஜேந்திரன் பெருவழி. நம் அண்ணா சாலை, காமராஜர் சாலை மாதிரிதான். இத்தனை அரச பெயர்களுக்கு நடுவே 'கூழையானை போன பெருவழி' என்று ஒன்று இருக்கிறது. கூழை என்றால் குட்டை. குட்டையான யானை ஒன்று எப்போதோ அந்தப் பாதையில் போயிருக்கிறது. ஊர் மக்கள் அதை நினைவில் வைத்துச் சாலைக்கே அந்தப் பெயரை வைத்துவிட்டார்கள். அந்த யானையை ஓட்டிப்போன பாகன் பெயர் தெரியாது. அந்தப் பெருவழி ஓரம் வெற்றிலை விற்றவள், அரண்மனை ஓட்டுக் கூரைக்கு மண் பிசைந்தவன், பெயர் எதுவும் தெரியாது. 1980களிலும் பிறகு அண்மை ஆண்டுகளிலும் மாளிகைமேட்டில் தோண்டிப் பார்த்ததில் செங்கல் சுவர்கள், கூரை ஓடுகள், இரும்பு ஆணிகள், சீனப் பீங்கான் துண்டுகள் எல்லாம் கிடைத்தன. ஓடும் ஆணியும் கிடைக்கின்றன, ஓடு வேய்ந்தவன் பெயர் கிடைப்பதில்லை.

அந்தக் காலமே அப்படித்தான், சாமானியனை யார் எழுதி வைப்பார்கள் என்று நீங்கள் சொல்லக்கூடும். அப்படி இல்லை. இராஜேந்திரனின் அப்பா எழுதி வைத்தார். எனக்கு மிகவும் பிடித்த கல்வெட்டு இது, கொஞ்சம் விவரமாகச் சொல்ல அனுமதியுங்கள்.

முதலாம் இராஜராஜன் தன் 29ஆம் ஆட்சியாண்டில், அதாவது 1014 வாக்கில், தஞ்சைப் பெரிய கோயில் சுவரில் ஒரு பட்டியலை வெட்ட வைத்தான். கோயிலில் ஆடவும் பாடவும் சோழ நாட்டின் பல ஊர்க் கோயில்களிலிருந்து நானூறு பெண்களைக் கொண்டுவந்து தஞ்சையில் குடிவைத்தார்கள். தளிச்சேரிப் பெண்டுகள் என்று பெயர். அந்த நானூறு பேருக்கும் பட்டியலில் தனித்தனியாக வரவு இருக்கிறது. எந்தத் தெரு, தெருவில் எந்தச் சிறகு, அதாவது எந்த வரிசை, அதில் எத்தனையாவது வீடு, அந்த வீட்டில் இருப்பவள் எந்த ஊர்க் கோயிலிலிருந்து வந்தவள், அவள் பெயர் என்ன, அவளுக்கு எத்தனை பங்கு. ஒரு பங்கு என்றால் வருஷத்துக்கு நூறு கலம் நெல். திருவாரூரிலிருந்து வந்தவள், நாகப்பட்டினத்திலிருந்து வந்தவள், பழையாறையிலிருந்து வந்தவள் என்று வரிசை போகிறது. பெண்கள் முடிந்ததும் ஆண்கள். நட்டுவம் செய்பவர், பாடுபவர், மேளம் கொட்டுபவர், கணக்கு எழுதுபவர், குடை பிடிப்பவர், தண்ணீர் தெளிப்பவர், மண்பாண்டம் செய்பவர், துணி வெளுப்பவர், தையற்காரர், முடி திருத்துபவர். தலைமைத் தச்சருக்கு இராஜராஜப் பெருந்தச்சன் என்ற பட்டம், நாவிதருக்கும் இராஜராஜப் பெருநாவிசன் என்று அரசன் பெயரிலேயே பட்டம். இவர்களில் ஒருவர் இறந்துபோனாலோ வெளியூர் போய்விட்டாலோ அவருடைய நெருங்கிய உறவினர் அந்தப் பங்கைப் பெற்று வேலையைச் செய்யலாம். உறவினருக்குத் தகுதி இல்லையென்றால் தகுதியான வேறு ஒருவரைத் தேர்ந்தெடுத்து அமர்த்திவிட்டு அவர் பெற்றுக்கொள்ளலாம். வாரிசு நியமனம்தான். இதே கோயில் கல்வெட்டுகளில் கோயில் பணத்தை ஊர்ச்சபைகளுக்கு நூற்றுக்குப் பன்னிரண்டரை வட்டிக்குக் கொடுத்த கணக்கும் இருக்கிறது. அதைப் பற்றி ஆரம்பித்தால் இந்தக் கட்டுரை முடியாது. வேறொரு இதழில் பார்க்கலாம்.

அந்தப் பெண்கள் விரும்பி வந்தார்களா என்று கல்வெட்டு சொல்லாது. அரசன் உத்தரவு, வந்திருப்பார்கள். பிறந்து வளர்ந்த ஊரின் சிறிய கோயிலில் அவளை எல்லோருக்கும் தெரிந்திருக்கும். இங்கே நானூறில் ஒருத்தி. தெற்குச் சிறகு இத்தனையாவது வீடு. நம் பி-304 மாதிரி. ஆனால் வீட்டு எண்ணோடு அவள் ஊரையும் பெயரையும் சேர்த்துக் கல்லில் வெட்டினார்கள். சுமார் பத்து வருஷத்தில் தலைநகரம் கொள்ளிடத்துக்கு வடக்கே போய்விட்டது. தஞ்சைச் சுவரில் இருப்பதுபோல வீடு வீடாக எண்ணி எழுதிய பட்டியல் கங்கைகொண்ட சோழபுரத்தில் இல்லை. மகன் கட்டிய நகரம் அப்பாவுடையதைவிடப் பெரிய கனவு. எனக்கென்னவோ அப்பாவின் கணக்குப் புத்தகம்தான் உசத்தியாகப் படுகிறது.

நகரம் அழிந்த பிறகு நடந்ததும் நம் விஷயத்தோடு சம்பந்தப்பட்டதுதான். பல நூறு வருஷம் கோயில் காட்டுக்குள் கிடந்தது. 1836இல் ஆர்தர் காட்டன் கொள்ளிடத்தின் குறுக்கே கீழணையைக் கட்டினார். அணைக்கரை என்று நாம் சொல்வது. அணைக்குக் கருங்கல் தேவைப்பட்டது. பக்கத்தில் கங்கைகொண்ட சோழபுரத்துக் கோயிலின் பெரிய சுற்றுமதில் இருந்தது. மதிலை இடித்துக் கல்லைக் கொண்டுபோனார்கள். ஊர்க்காரர்கள் தங்களால் ஆனமட்டும் தடுத்துப் பார்த்தார்கள். தடுத்ததற்குத் தண்டனைதான் கிடைத்தது. கல்மதிலுக்குப் பதிலாகச் செங்கல் மதில் கட்டித் தருவதாக ஒரு வாக்குறுதி கொடுக்கப்பட்டதாம், அது நிறைவேறவே இல்லை என்று அந்த நூற்றாண்டிலேயே ஒரு ஆங்கிலேயக் குறிப்பு வருத்தத்தோடு பதிவு செய்திருக்கிறது. தடுத்து நின்றவர்கள் யார் யார் என்று அந்தக் குறிப்பிலும் பெயர் இல்லை. நம் உடையார்பாளையம் பக்கத்து ஆட்கள், அவ்வளவுதான் தெரியும்.

இப்போது அந்தக் கல் எங்கே போயிற்று என்று தொடர்ந்து பாருங்கள். கீழணை கொள்ளிடத்துத் தண்ணீரைத் தடுத்து வடவாற்றில் திருப்புகிறது. வடவாறு வீராணம் ஏரியை நிரப்புகிறது. வீராணத்திலிருந்து 2004 முதல் சுமார் 235 கிலோமீட்டர் குழாயில் சென்னைக்குத் தண்ணீர் வருகிறது. நாள் ஒன்றுக்கு 18 கோடி லிட்டர் கொண்டுவருவதற்கான திட்டம் அது. போரூர் வரை வந்து அங்கிருந்து நகரத்துக்குள் பிரிகிறது. கோடையில் சம்ப்பில் மெட்ரோ வாட்டர் வருகிறதா இல்லையா என்று நம் வாட்ஸ்அப் குழுவில் சண்டை நடக்கும்போதெல்லாம் எனக்கு அந்த இடிபட்ட மதில்தான் ஞாபகம் வரும்.

தண்ணீர் மட்டுமா? நம் சுவர்களையும் பாருங்கள். அரியலூர் என்றால் சிமென்ட். அரசு சிமென்ட் ஆலையும் தனியார் ஆலைகளுமாக அங்கே இருப்பதற்குக் காரணம் பூமிக்கடியில் உள்ள சுண்ணாம்புக்கல். அந்தக் கல் கடலில் உண்டானது. டைனோசர்கள் உலவிய கிரெட்டேசியஸ் காலத்தில் பெரம்பலூர், அரியலூர்ப் பகுதி கடலாக இருந்தது. அந்தக் காலம் முடிந்தே ஆறரைக் கோடி வருஷத்துக்கு மேல் ஆகிறது. 1860களில் பிளான்ஃபோர்டு என்ற நிலவியலாளர் இந்தப் பாறைகளை அளந்து வகைப்படுத்தி, அடுக்குகளுக்கு ஊட்டத்தூர், திருச்சினாப்பள்ளி, அரியலூர் என்று பெயர் வைத்தார். உலகம் முழுவதும் நிலவியல் படிப்பவர்களுக்கு அரியலூர் தெரிந்த பெயர். அவர்கள் யாரும் "திருச்சி பக்கம்" என்று சொல்வதில்லை! கல்லங்குறிச்சிச் சுரங்கத்தில் சிப்பிகள் கல்லாகி அடுக்கடுக்காகக் கிடக்கின்றன. பெரம்பலூர் மாவட்டம் சாத்தனூரில் கல்லாகிப்போன மரம் ஒன்று சுமார் 18 மீட்டர் நீளத்துக்குப் படுத்திருக்கிறது. நிலவியலாளர் எம்.எஸ். கிருஷ்ணன் 1940இல் அதைக் கண்டறிந்து சொன்னார். சுமார் 12 கோடி வருஷத்துக்கு முற்பட்டது என்கிறார்கள். பேரப்பிள்ளைகளை அழைத்துப் போனால் வாரணவாசியில் ஒரு புதைபடிவ அருங்காட்சியகமும் இருக்கிறது.

மனிதர்கள் விஷயத்துக்கு வருகிறேன். இந்த இரண்டு மாவட்டத்துக் கிராமங்களில் வளர்ந்து சென்னைக்குப் போனவர்களில் மிகப் பெரிய ஆள் உ.வே. சாமிநாத ஐயர். பிறந்தது 1855இல். சொந்த ஊர் தஞ்சை ஜில்லா உத்தமதானபுரம். ஆனால் பிள்ளைப்பருவம் பெரும்பாலும் நம் பக்கம்தான். அப்பா சங்கீத வித்துவான். ஜமீன் ஆதரவு குறைந்த காலத்தில் ஊர் ஊராகப் போய் இராமாயணக் கதை சொல்லிப் பிழைத்தவர். அரியலூர், குன்னம், கார்குடி, செங்கணம் என்று குடும்பம் மாறிக்கொண்டே இருந்தது. எந்த ஊரில் பையனுக்குத் தமிழ் சொல்லிக்கொடுக்க ஆள் இருக்கிறதோ அந்த ஊரில் தங்குவது. ஊர்க்காரர்கள் நெல்லும் தானியமும் கொடுத்துக் குடும்பத்தைத் தாங்கினார்கள். அதற்குப் பிறகுதான் மாயூரம், மீனாட்சிசுந்தரம் பிள்ளை, கும்பகோணம் கல்லூரி எல்லாம்.

1903இல் அவர் சென்னை மாநிலக் கல்லூரிக்கு மாற்றலாகி வந்தார். அப்போது வயது நாற்பத்தெட்டு. அதற்குள் சீவக சிந்தாமணி, புறநானூறு, சிலப்பதிகாரம், மணிமேகலை எல்லாவற்றையும் பதிப்பித்து முடித்திருந்தார். திருவல்லிக்கேணிப் பக்கம் திருவட்டீசுவரன்பேட்டையில் குடியிருந்தார். 1942இல் காலமாகும் வரை பெரும்பாலும் சென்னைதான் அவருக்கு ஊர். கடைசி இரண்டு வருஷம் ஆனந்த விகடனில் தன் வரலாற்றைத் தொடராக எழுதினார். அதில் பாருங்கள், தனக்கு எழுபது வருஷத்துக்கு முன் குன்னத்தில், கார்குடியில், செங்கணத்தில் ஒரு பாடம் சொன்னவர், ஒரு வேளை சோறு போட்டவர், ஒரு சுவடி கொடுத்தவர் என்று ஒவ்வொருவரையும் ஊரோடும் பெயரோடும் எழுதியிருக்கிறார். அவர்களில் முக்கால்வாசிப் பேரை வேறு எந்தச் சரித்திரப் புத்தகத்திலும் பார்க்க முடியாது. அவர் நினைத்திருந்தால் "திருச்சி பக்கம் கொஞ்ச நாள் இருந்தோம்" என்று ஒரு வரியில் முடித்திருக்கலாம். அவர் குடியிருந்த வீட்டை 2012இல் இடித்துவிட்டார்கள். மாநிலக் கல்லூரி வாசலில் கடலைப் பார்த்து அவர் சிலை நிற்கிறது. காமராஜர் சாலையில் அடுத்த தடவை பஸ்ஸில் போனால் பாருங்கள், நின்று பார்ப்பவர் யாரும் இருக்க மாட்டார்கள்.

பெயர் இல்லாமல் போனவர்களைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். 1956 நவம்பர் 23, விடிவதற்கு முன். சென்னையிலிருந்து தூத்துக்குடி போன எக்ஸ்பிரஸ் அரியலூரைத் தாண்டியதும் மருதையாற்றுப் பாலத்தில் விழுந்தது. மழை வெள்ளத்தில் பாலம் பழுதாகியிருந்தது. 140க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். ரயில்வே மந்திரி லால் பகதூர் சாஸ்திரி பதவி விலகினார். சில மாதம் முன்பு மகபூப்நகர் விபத்தின்போதே அவர் விலக முன்வந்தார், நேரு ஏற்கவில்லை. அரியலூருக்குப் பிறகு ஏற்றுக்கொண்டார். பொது அறிவுப் புத்தகங்களில் அரியலூர் வருவது இந்த ஒரு இடத்தில்தான், அதுவும் சாஸ்திரியின் பெருமையைச் சொல்வதற்காக. பெருமைதான், மறுக்கவில்லை. ஆனால் அந்த ரயிலில் இருந்தவர்கள் பலரும் சென்னையிலிருந்து சொந்த ஊருக்குத் திரும்பிக்கொண்டிருந்தவர்கள். அவர்களை எண்ணிக்கையாக மட்டும்தான் நமக்குத் தெரியும். சரியாக 51 வருஷம் கழித்து அதே நவம்பர் 23ஆம் தேதிதான் அரியலூர் மறுபடி மாவட்டமானது. தேதி பார்த்தவர்களுக்கு இது தெரிந்திருந்ததா என்று எனக்கு அடிக்கடி தோன்றும்.

இதையெல்லாம் இப்போது எழுதக் காரணம், நம் சங்கம் புதிய குடியிருப்போர் கையேடு அச்சிடப் போகிறது என்ற அறிவிப்பு. மாதிரிப் பக்கத்தைப் பார்த்தேன். ஃபிளாட் எண், உரிமையாளர் பெயர், கைபேசி, வண்டி எண் என்று நான்கு கட்டங்கள். 1014இல் தஞ்சாவூரில் ஐந்தாவதாக ஒரு கட்டம் இருந்தது, ஊர். அதையும் சேர்க்கலாம் என்பது என் விண்ணப்பம். உரிமையாளர் பெயர் மட்டும் போதாது, கூட இருக்கும் அப்பா அம்மா பெயரும் வேண்டும். வீட்டில் எண்பது வயதில் ஒருவர் இருக்கிறார் என்பதே அடுத்த வீட்டுக்குத் தெரியாமல், ஆம்புலன்ஸ் வந்த பிறகு தெரிந்துகொண்ட சம்பவம் இந்த வருஷம் நம் வளாகத்தில் நடந்தது. யார் என்று சொல்ல வேண்டாம். அதேபோல் காவலாளிகள், துப்புரவுப் பணியாளர்கள், பிளம்பர், எலக்ட்ரீஷியன் பெயர்களும் கடைசிப் பக்கத்தில் ஊரோடு வரட்டும். இரண்டு பக்கம் கூடுதலாக அச்சாகும், செலவு பெரிதல்ல. இராஜராஜன் கல்லில் வெட்டினான், நமக்குக் காகிதம்தான். சங்கச் செயலாளர் அம்மாவிடம் எழுத்து மூலமாகக் கொடுத்திருக்கிறேன். அடுத்த பொதுக்குழுவில் வைப்பதாகச் சொல்லியிருக்கிறார்கள். ஆட்சேபம் உள்ளவர்கள் அங்கே பேசலாம்.

கங்கைகொண்ட சோழபுரம் போக விரும்புகிறவர்களுக்கு: சென்னையிலிருந்து கும்பகோணம் போகும் சாலையிலேயே கோயில் இருக்கிறது. ரயிலில் போவதானால் அரியலூரில் இறங்கி ஜெயங்கொண்டம் வழியாகப் பஸ். ஜெயங்கொண்டத்திலிருந்து சுமார் 10 கிலோமீட்டர். மதியம் நடை சாத்திவிடுவார்கள், தரைக்கல்லும் காலைச் சுடும், அதனால் காலையிலேயே போய்விடுங்கள். கோயிலைப் பார்த்துவிட்டுத் திரும்பிவிடாமல் மாளிகைமேட்டுக்கும் போங்கள். தோண்டிய குழிகளும் செங்கல் வரிசைகளும்தான் இருக்கும். அங்கிருந்து அணைக்கரை பக்கம்தான். முன்பெல்லாம் கும்பகோணம் போகிறவர்கள் அந்தப் பாலத்தின் வழியாகத்தான் போக வேண்டியிருந்தது. பாலத்தின் மேல் வண்டி மெதுவாகத்தான் நகரும், அணையை நன்றாகப் பார்க்கலாம்.